மறைநெறிக் காவலர்: பொம்மபுர மடமும் பிரபுலிங்க லீலையும்

வழி சொல்வதையே ஓர் இலக்கிய வகையாக வளர்த்தெடுத்தவர் தமிழர். பத்துப்பாட்டுள் சரிபாதி ஆற்றுப்படை நூல்கள். அவற்றுள் ஒன்றாகிய சிறுபாணாற்றுப்படை நம் வட்டாரத்தின் வழியையே பாடுகிறது. இடைக்கழிநாட்டு நல்லூர் நத்தத்தனார் இயற்றிய அப்பாட்டின் 269 அடிகளுக்குள், வறுமையால் வாடும் சிறுபாணன் ஒருவன் ஓய்மாநாட்டு நல்லியக்கோடனைச் சென்று காணும் நெறி வகுத்துரைக்கப்படுகிறது. நெய்தலில் எயிற்பட்டினம், முல்லையில் வேலூர், மருதத்தில் ஆமூர், முடிவில் கிடங்கில். எயிற்பட்டினம் இன்றைய மரக்காணம் என்றும், வேலூர் இன்றைய உப்புவேலூர் என்றும் அறிஞர் கொள்வர். கிடங்கிலோ திண்டிவனத்தின் ஒரு பகுதியாக இன்றும் அதே பெயருடன் விளங்குகிறது. எந்த ஊரில் எவர் என்ன உணவு தருவார் என்பது வரை அப்பாட்டில் சொல்லப்பட்டுள்ளது. பேருந்து நிலையத்தில் வழி கேட்டால் இன்று அவ்வளவு விளக்கம் கிடைக்காது!

மலைபடுகடாம் இன்னும் ஒருபடி மேலே செல்கிறது. செங்கத்து நன்னனை நாடிச் செல்லும் கூத்தர்க்கு வழியின் சிறப்பை மட்டுமன்றி வழியின் இடர்களையும் அது எடுத்துரைக்கிறது. பன்றிக்கு வைத்த பொறிகள், பாம்பு உறையும் குழிகள், தினைப்புனம் காப்போர் வீசும் கவண்கற்கள், பாசி படர்ந்து கால் வழுக்கும் பாறைகள் என்று ஒவ்வோர் இடரும் அது நேரும் இடத்தோடு சுட்டப்படுகிறது. அதில் வரும் ஓர் அறிவுரையை என் மாணவியர்க்குப் பாடம் சொல்லும்போதெல்லாம் சற்றே நின்று சொல்வது வழக்கம். வழி பலவாகக் கவர்த்துச் செல்லும் இடத்தில், சரியான வழியைக் கண்டறிந்த பின், அதன் அடையாளமாகப் புல்லை முடிந்து வைத்துவிட்டுச் செல்லுங்கள் என்கிறார் பெருங்கௌசிகனார். பின்னால் வருபவர் யாரென்று தெரியாது. எப்போது வருவார் என்பதும் தெரியாது. ஆயினும் அவருக்காக ஒரு புல் முடிச்சு.

இவை காலால் நடக்கும் வழிகள். கண்ணுக்குப் புலனாகாத வழிக்கும் ஆற்றுப்படை உண்டு என்பதைத் திருமுருகாற்றுப்படை காட்டியது. அந்த அகவழியை ஒரு நிறுவனத்தின் பொறுப்பில் வைத்து, தலைமுறை தலைமுறையாகக் காவல் புரிந்து, தகுதியுடையார்க்கு மட்டும் செவிவழி அறிவித்த மரபுகளும் தமிழகத்தில் தோன்றின. மாய உலகொன்றின் பாதைகளை மறைவாகக் காக்கும் குழுவினரைப் பற்றிய கற்பனைப் புதினங்களை இளையோர் இன்று விரும்பிப் படிக்கின்றனர். அத்தகையதொரு குழுவுக்கு மிக நெருங்கிய உண்மை வடிவம் நம் விழுப்புரம் மாவட்டத்துக் கடற்கரையிலேயே இருக்கிறது. பொம்மையார்பாளையத்துப் பொம்மபுர ஆதீனத்தையே குறிப்பிடுகிறேன். நம் இலக்கிய வட்டத்தின் பத்தாண்டு நிறைவு மலருக்கு மண்ணின் வரலாறு சார்ந்த கட்டுரை வேண்டும் என்று நண்பர்கள் பணித்தபோது, இதைவிடப் பொருத்தமான பொருள் எனக்குத் தோன்றவில்லை.

கடலும் மலையும்

புதுச்சேரிக்கு வடக்கே, வானூர் வட்டத்தில், கடலை ஒட்டி அமைந்த ஊர் பொம்மையார்பாளையம். மீன்பிடி வலைகளும் கட்டுமரங்களும் ஒருபுறம். கிழக்குக் கடற்கரைச் சாலையின் இரைச்சல் மறுபுறம். 1968இல் தோன்றிய ஆரோவில் அருகே. வெளியூரார் பலர் இவ்வூரைக் கடற்கரைக்காகவே அறிவர். ஆனால் திண்டிவனத்தை அடுத்த மயிலம் முருகன் கோயிலுக்குச் செல்லும் அடியவர்க்கு இவ்வூரின் பெயர் வேறொரு வகையில் பழக்கமானது. அக்கோயிலை ஆண்டுவரும் வீரசைவ மடத்தின் மூலப்பெயரே பொம்மபுரம் என்பது.

மயிலத்தின் தல வரலாறு கடலில் தொடங்குகிறது. சிவகணத் தலைவருள் ஒருவராகிய சங்குகன்னர் சாபத்தால் நிலவுலகை அடைந்து, வங்கக் கடற்கரையில் பாலனாகத் தோன்றினார் என்பர். அவரே பாலசித்தர், அவரே சிவஞான பாலைய சுவாமிகள் என்னும் திருப்பெயருடன் மடத்தின் முதல்வராக வணங்கப்படுபவர். மயில் வடிவாகத் தோன்றும் குன்றில் அவர் தவம் புரிந்தார். அக்குன்று, முருகனுக்கு ஊர்தியாக விரும்பித் தவம் செய்த சூரபதுமனே என்பது புராணம். முருகன் வேடுவக் கோலத்தில் வந்து பாலசித்தரோடு போரிட்டு, பின் தன்னை வெளிப்படுத்தி, அங்கேயே மணக்கோலத்தில் எழுந்தருளினான் என்று கதை முடிகிறது. பாலசித்தரின் சமாதி மயிலம் கோயிலுள்ளேயே இருக்கிறது.

இக்கதையை வரலாறாகக் கொள்ள வேண்டியதில்லை. ஆனால் அது சொல்லும் பாதை கருதத்தக்கது. குரு கடலிலிருந்து மலைக்குச் செல்கிறார். ஆண்டுதோறும் மாசி மகத்தன்று மயிலம் முருகன் மலையிலிருந்து கடலுக்கு வருகிறான். புதுச்சேரி வைத்திக்குப்பம் கடற்கரையில் தீர்த்தவாரி நிகழ்கிறது. குரு ஏறிய வழியில் தெய்வம் இறங்கி வருகிறது என்று சொல்லத் தோன்றுகிறது. இது என் கருத்தேயன்றித் தல புராணத்தின் கூற்றன்று.

இம்மடத்தின் மரபில் ஒரு வழக்கம் உண்டு. பட்டத்துக்கு வருபவர் யாவரும் சிவஞான பாலைய சுவாமிகள் என்ற பெயரையே ஏற்பர். ஆள் மாறினாலும் பெயர் மாறுவதில்லை. வரலாறு எழுதுவோர்க்கு இது பெரும் இடர்ப்பாடு. ஒரு செய்யுளில் புகழப்படும் பாலையர் எத்தனையாம் பட்டத்தவர் என்று பிரித்தறிவது எளிதன்று. மரபுக்கோ அதுவே நோக்கம். காவலர் யார் என்பது பொருட்டன்று, காவல் தொடர்கிறது என்பதே பொருட்டு.

கலியாணத்திலிருந்து சிதறிய நெறி

வீரசைவம் தமிழகத்துக்கு வந்த வழியை அறிய, கருநாடகத்துக் கலியாண நகருக்குச் செல்ல வேண்டும். 12ஆம் நூற்றாண்டின் இடைப்பகுதியில், பிச்சள மன்னனின் அமைச்சராக இருந்த வசவண்ணரைச் சூழ்ந்து சரணர் கூட்டம் ஒன்று எழுந்தது. அரசரும் அந்தணரும் மட்டுமல்லாமல் செருப்புத் தைப்பவரும் துணி வெளுப்பவரும் ஓடம் விடுபவரும் அமர்ந்து மெய்ப்பொருளை ஆராய்ந்த இடமாக அனுபவ மண்டபம் போற்றப்படுகிறது. அதன் தலைமை இருக்கையில், சூனிய சிங்காதனத்தில், அமர்ந்தவர் அல்லமப் பிரபு. மத்தளம் வாசித்தவர், எவ்வூரிலும் தங்காதவர்.

குலங்கடந்த ஒரு திருமணம் மூட்டிய கலகத்தில் கலியாணம் எரிந்தது. பிச்சளன் கொல்லப்பட்டான், 1167, 1168ஆம் ஆண்டுகளை ஒட்டிச் சரணர் நாலாபுறமும் சிதறினர். வசவண்ணரின் தமக்கை நாகம்மையும் அவர் மகன் சென்னவசவண்ணரும் ஒரு கூட்டத்தாருடன் வசன ஓலைகளைச் சுமந்துகொண்டு, துரத்தி வந்த படையோடு பொருதவாறே காடுகளைக் கடந்து உளவி என்னும் இடத்தை அடைந்தனர் என்பது அம்மரபின் நினைவு. நெறி காத்தல் என்பதை நாம் உருவகமாகவே பேசிப் பழகிவிட்டோம். உளவிக்குச் சென்ற கூட்டத்தார்க்கு அது உருவகமன்று. ஓலைக்கட்டு தலையில், வாள் பின்னால், வழி முன்னால்.

ஒடுக்கப்பட்ட ஒரு நெறி மறைவை நாடுவது இயல்பு. வெளிப்படையாகப் பேசியதால் நகரமே எரிந்ததைக் கண்டவர்கள், அடுத்த தலைமுறைக்குச் செவியில் ஓதக் கற்றுக்கொண்டனர் என்று நான் கருதுகிறேன். பின்னர் விசயநகரப் பேரரசின் காலத்தில் வீரசைவம் மீண்டும் தழைத்தது. இரண்டாம் தேவராயன் காலத்தில், 15ஆம் நூற்றாண்டில், சாமரசர் கன்னடத்தில் பிரபுலிங்க லீலையை இயற்றினார். அப்பேரரசின் காலத்திலும் அதனை அடுத்தும் காஞ்சி, திருவண்ணாமலை, கும்பகோணம், பேரூர், விருத்தாசலம் எனத் தமிழ் நிலத்தில் வீரசைவ மடங்கள் வேரூன்றின. சங்கமர் எனப்பட்ட துறவியர் ஊர்தோறும் நடந்தனர். சங்கமம் என்ற சொல்லுக்கே அசைவது, நடப்பது என்பது பொருள். நிலைத்து நிற்கும் கோயிலைவிட நடக்கும் அடியவரே மேல் என்ற வசவண்ணரின் கொள்கை அச்சொல்லில் உறைந்திருக்கிறது.

எட்டுக் காப்பு

வீரசைவர் தம் அகவழியை ஆறு தலங்களாக வகுத்தனர். பத்தன், மகேசன், பிரசாதி, பிராணலிங்கி, சரணன், ஐக்கியன் என ஒருவன் படிப்படியாக அடையும் நிலைகள் அவை. தலம் என்பதற்கு இடம் என்று பொருள் கொண்டால், இது ஒரு வழிப்படமே. ஆறு தங்குமிடங்கள், கடைசித் தங்குமிடத்தில் தங்குபவன் இல்லை. சித்தாந்த சிகாமணி இவ்வாறனையும் 101 தலங்களாக விரிக்கிறது. இன்ன இடத்தில் இன்ன மயக்கம் நேரும் என்பதறிந்து பகுத்த பகுப்பு அது.

இவ்வழியில் செல்பவனுக்கு எட்டுக் காப்புகள் உண்டு. அட்டாவரணம் என்பர். ஆவரணம் என்ற வடசொல்லுக்குப் போர்வை, கவசம் என்று பொருள். குரு, இலிங்கம், சங்கமம், பாதோதகம், பிரசாதம், திருநீறு, உருத்திராக்கம், மந்திரம் என்னும் எட்டனுள் முதல் மூன்றே உயிர்நாடி. குரு தன் கையால் இட்டலிங்கத்தை அளித்து, மந்திரத்தைச் செவியில் ஓதுகிறார். அன்று முதல் அந்த இலிங்கம் மார்பை விட்டு நீங்குவதில்லை. அதை உள்ளங்கையில் ஏந்தி, இமையாது நோக்கி வழிபட வேண்டும். சாதி, பால் வேறுபாடின்றி இட்டலிங்கம் அளிக்கப்பட வேண்டும் என்பது கொள்கை. 12ஆம் நூற்றாண்டில் ஒரு பெண்ணின் மார்பில் அவளுக்கே உரிய தெய்வத்தை அணிவித்த செயலின் பெருமையை நம் இலக்கிய வரலாற்று நூல்கள் போதிய அளவில் பேசவில்லை என்பது என் குறை.

செவியில் ஓதியதை வெளியே சொல்லலாகாது. இக்கட்டுப்பாடு வீரசைவத்துக்கு மட்டும் உரியதன்று. சித்தர்கள் பரிபாடைச் சொற்களால் தம் பாடல்களுக்குத் தாழிட்டனர். இசுலாமியச் சூஃபி மரபில் தரீக்கா என்றாலே வழி என்றுதான் பொருள். ஷெய்கு ஒருவரின் கைபற்றியே அதில் நடக்க முடியும். பண்டைய கிரேக்கத்தில் எலூசிஸ் நகர மறைச்சடங்குகள் ஆயிரம் ஆண்டுகளுக்கு மேலாக நடந்தன. மறைபொருளைச் சொன்னவனுக்கு மரண தண்டனை. 4ஆம் நூற்றாண்டின் இறுதியில் உரோமப் பேரரசு அச்சடங்குகளுக்கு முடிவு கட்டியது. ஆயிரக்கணக்கானோர் கண்ட அந்த இறுதிக் காட்சி யாது என்பதை இன்று உறுதியாகச் சொல்லக்கூடியவர் ஒருவரும் இல்லை. காவல் அவ்வளவு சிறப்பாக நடந்தது! காக்கப்பட்ட பொருள்தான் மிஞ்சவில்லை.

பொம்மபுரத்துக்கு அந்த நிலை நேரவில்லை. அதற்குக் காரணம் ஒரு புலவர்.

பாட மறுத்தவர்

துறைமங்கலம் சிவப்பிரகாசர் 17ஆம் நூற்றாண்டினர். காஞ்சிபுரத்து வீரசைவ மரபில் குமாரசுவாமி தேசிகரின் மைந்தராகப் பிறந்தவர். வேலையர், கருணைப்பிரகாசர் என்னும் உடன்பிறந்தாரும் புலவர். தங்கை ஞானாம்பிகை பேரூர்ச் சாந்தலிங்க அடிகளின் துணைவியார். துறைமங்கலத்தில் அண்ணாமலை ரெட்டியார் என்னும் செல்வர் இவரை ஆதரித்தார். முப்பத்திரண்டு ஆண்டுகளே வாழ்ந்த இவர் எழுதிக் குவித்தவற்றை எண்ணினால் வியப்பே மிஞ்சும். உதடு ஒட்டாத எழுத்துகளாலேயே திருச்செந்தூர் நிரோட்டக யமக அந்தாதி பாடியவர் இவர். கற்பனைக் களஞ்சியம் என்ற பட்டம் வெறும் உபசாரமன்று.

இவர் பொம்மபுரத்துக்கு வந்த கதை சுவையானது. சாந்தலிங்க அடிகள், சிவஞான பாலைய சுவாமிகளைப் பாடுமாறு வேண்டினாராம். மானிடரைப் பாடேன் என்று மறுத்துவிட்டார் சிவப்பிரகாசர். அன்றிரவு கனவில் மயில்மேல் தோன்றிய முருகன் கைநிறைய மலர்களைத் தந்து, இவற்றை மாலையாகத் தொடுத்துச் சூட்டுக என்றான். விழித்தெழுந்த புலவர் பொருளுணர்ந்து, மறுநாள் குருவின் முன்னே தாலாட்டும் நெஞ்சுவிடு தூதும் பாடி நின்றார் என்பது மரபு. அதன்பின் அக்குருவின்மேல் கலம்பகமும் பிள்ளைத்தமிழும் திருப்பள்ளியெழுச்சியும் எழுந்தன.

கனவை ஒதுக்கிவிட்டு நூல்களை நோக்குவோம். தாலாட்டு என்பது ஏட்டில் எழுதாமல் தொட்டிலடியில் தாய்மார் பாடுவது. பிள்ளைத்தமிழில் பேரறிவினனும் தவழும் குழந்தையாகிறான். பள்ளியெழுச்சி விடியற்காலையில் எல்லார் காதிலும் விழுமாறு பாடப்படுவது. தூதோ ஒரு நெஞ்சை இன்னொருவரிடம் வழி சொல்லி அனுப்புவது. ஆற்றுப்படையின் இளைய உடன்பிறப்பு. மறைவாக வீற்றிருந்த ஒரு குருவை இவ்வளவு வெளிப்படையான இலக்கிய வகைகளில் பாடியது தற்செயலாக நேர்ந்திருக்க முடியாது என்றே எண்ணுகிறேன். செவியில் ஓதிய மந்திரத்தை அவர் வெளியிடவில்லை. அம்மந்திரம் எங்கே கொண்டுசெல்லும் என்பதைத் தமிழறிந்தார் யாவர்க்கும் பாடிக் காட்டினார். இதனினும் பெரிதாக அவர் செய்தது கன்னடத்திலிருந்து பிரபுலிங்க லீலையைத் தமிழாக்கியது.

இருபத்தைந்து கதிகள்

பிரபுலிங்க லீலையின் இயல்களுக்குக் கதி என்று பெயர். மூலத்திலும் அவ்வாறே. கதி என்பது நடை, வழி, புகலிடமும் கூட. இருபத்தைந்து கதிகளில் ஆயிரத்து நூற்றுக்கு மேற்பட்ட விருத்தங்கள். பல்கலைக்கழகத் தேர்வுகளில் உவமை நயத்துக்கு எடுத்துக்காட்டாக இந்நூலிலிருந்து நான்கைந்து பாடல்களைக் கேட்பர். அத்துடன் நூல் மூடப்படும். முழுவதும் படிப்பவர்க்கு அது வேறொன்றாகக் காட்சி தரும்.

கயிலையில் உமையவள், மாயையை வெல்வார் இல்லை என்கிறாள். அல்லமனை அது அணுகாது என்கிறார் இறைவன். உமையின் தாமதக் கூறு, வனவசை நகரில் மமகாரன் என்னும் மன்னனுக்கு மகளாக, மாயை என்ற பெயரோடே பிறக்கிறது. தாயின் பெயர் மோகினி. அல்லமரோ நிரகங்காரர்க்கும் சுஞ்ஞானிக்கும் மகனாகத் தோன்றுகிறார். பெயர்களே கதையைச் சொல்லிவிடுகின்றன. மாயை ஆட, அல்லமர் மத்தளம் கொட்டுகிறார். அவள் காதல் பெருகி அவரைத் தழுவ முயல்கிறாள். அவர் கைக்கு அகப்படுவதில்லை. கதையின் முதற்பகுதி இது. பெரும்பாலோர் நினைவில் நிற்பதும் இதுவே.

எனக்கு முதன்மையாகத் தோன்றுவது அதற்கு அடுத்த பகுதி. மாயை தோற்றுத் திரும்பிய பின் அல்லமர் நடக்கத் தொடங்குகிறார். வழிநெடுக அவர் சந்திப்பவர் எல்லாரும் ஏற்கெனவே அகவழியில் புறப்பட்டவர்கள். ஓரிடத்தில் சிக்கி நின்றுவிட்டவர்கள்.

தோட்டத்தைக் கொத்திப் பண்படுத்துவதே வாழ்வெனக் கொண்ட கொக்கியை முதலில் காண்கிறார். உடலாகிய தோட்டத்தில் செய்ய வேண்டிய உழவைச் சொல்லிச் செல்கிறார். மண்ணுள் புதைந்த கோயிலொன்றில் அனிமிடர் இமைக்காமல் அமர்ந்திருக்கிறார். அவருக்கு யோகமே சிறையாகிவிட்டது. சோலாப்பூரில் சித்தராமர் ஏரி வெட்டிக்கொண்டிருக்கிறார். அவர் செய்வது ஊருக்கு நன்மை. சோலாப்பூரில் அவர் பெயர் தாங்கிய ஏரியும் கோயிலும் இன்றும் உள்ளன. ஆயினும், நான் செய்கிறேன் என்ற எண்ணம் அறத்தின் உள்ளே புகுந்து உட்கார்ந்துகொண்டது. அல்லமர் எள்ளி நகைக்கிறார், வேலையாட்கள் கல்லெறிகின்றனர், சித்தராமர் சினந்தெழுகிறார், பின் தெளிகிறார். தீமையில் சிக்கியவனை மீட்கும் கதைகள் எம்மொழியிலும் உண்டு. நற்பணியில் சிக்கியவனை மீட்கும் கதை அரிது. பொதுப்பணிகளில் ஈடுபடும் நம்மனோர் இந்தக் கதியை ஒருமுறையேனும் படிப்பது நலம்.

கோரக்கர் கதி இன்னும் கூர்மையானது. கற்பத்தாலும் யோகத்தாலும் உடலை வயிரமாக்கிக்கொண்ட சித்தர் அவர். வாளால் தம்மை வெட்டுமாறு அல்லமரிடம் கூறுகிறார். வாள் பட்ட இடத்தில் ஓசை எழுகிறது, உடலில் ஊறில்லை. இப்போது என்னை வெட்டு என்கிறார் அல்லமர். கோரக்கர் வீசிய வாள் வெட்டவெளியில் செல்வதுபோல் அல்லமரின் மேனியூடே சென்று வெளிப்படுகிறது. இரும்பை எதிர்த்து நின்ற உடலைவிட, இரும்புக்கு வழிவிட்ட உடல் மேலானது. கோரக்கர் அடங்குகிறார்.

கலியாணத்தில், வசவண்ணரின் இல்லத்தருகே, பித்தர்போலத் திரிந்து யாராலும் அறியப்படாமல் வாழ்ந்த மருளசங்கரரையும் அல்லமர் அடையாளம் கண்டு வெளிக்கொணர்கிறார். பெருங்கூட்டத்துக்குச் சோறிட்ட வசவண்ணர் தம் வாயிலில் கிடந்தவரை அறிந்திலர்.

மலைபடுகடாத்தில் பன்றிப் பொறி, பாம்புக் குழி, வழுக்குப் பாறை என இடத்துக்கிடம் சுட்டப்பட்டது போலவே, இங்கே உழைப்பு, யோகம், அறம், உடற்சித்தி என ஒவ்வொரு கதியிலும் ஒவ்வோர் இடர் சுட்டப்படுகிறது. செல்பவன் விழக்கூடிய இடங்களெல்லாம் அவன் உயர்ந்துவிட்டதாக எண்ணும் இடங்களே. சிவப்பிரகாசர் பிரபுலிங்க லீலையை ஓர் ஆற்றுப்படையாகக் கருதினாரா என்பதற்குச் சான்று காட்ட இயலாது. ஆற்றுப்படைத் தமிழில் ஊறிய ஒருவர் கையில் அது அவ்வாறே வந்து அமைந்தது என்று சொல்லலாம்.

மறைவின் விலை

கன்னட நாட்டில் வசன ஓலைகள் நெடுங்காலம் மடங்களிலும் வீட்டுப் பூசையறைகளிலும் கிடந்தன. பட்டுத்துணியில் பொதிந்து மலரிட்டு வணங்கினார்கள். பிரித்துப் படித்தவர் சிலரே. விசயபுரத்து வழக்கறிஞர் ப.கு.ஹளகட்டி ஊர்தோறும் அலைந்து ஓலைகளைத் தொகுத்து, 1923இல் வசன சாத்திர சாரத்தின் முதற்பகுதியை வெளியிட்டார். சொந்த அச்சகத்துக்காகத் தம் வீட்டையே விற்றார். நம் உ.வே.சாமிநாதையரின் உழைப்போடு ஒப்பிடத்தக்க வாழ்வு அது. அவர் முயன்றிராவிடில், உளவிக்குச் சுமந்து சென்ற ஓலைகள் பலவும் வழிபாட்டிலேயே செல்லரித்திருக்கும்.

தமிழில் அத்தகைய இடைவெளி நேராததற்குச் சிவப்பிரகாசர் செய்யுளாக்கி வைத்ததே காரணம். செய்யுளாக இருந்ததால் புலவர் மனனம் செய்தனர். பள்ளிகளில் பாடம் நடந்தது. 19ஆம் நூற்றாண்டில் திருத்தணிகைச் சரவணப்பெருமாளையர் பிரபுலிங்க லீலைக்கு உரை கண்டார். வீரசைவர் அல்லாதாரும் சுவைத்தனர். சிவப்பிரகாசரின் நன்னெறியைச் சிறுவயதில் மனப்பாடம் செய்யாத தமிழாசிரியர் இருக்க முடியாது; அந்நூலின் ஆசிரியர் எந்த மடத்தைச் சார்ந்தவர் என்று அறிந்த மாணவரோ மிகக் குறைவு. பொம்மபுர ஆதீனமும் இத்திசையில் ஓர் அடி எடுத்துவைத்தது. 1938இல் மயிலத்தில் அதன் ஆதரவில் தமிழ்க் கல்லூரி தொடங்கப்பெற்றது. திண்டிவனம் வட்டாரத்துச் சிற்றூர்ப் பிள்ளைகள், தீட்சையோ குலமோ கேட்கப்படாமல், அங்கே தொல்காப்பியமும் சங்க இலக்கியமும் பயின்று தமிழாசிரியராயினர்.

ஆயினும் முழுவதும் மகிழ்வதற்கில்லை. தீட்சை மரபு மெலிந்துவருகிறது. ஆறு தலங்களின் பெயரை ஒப்பிப்பவர் உளர். ஒரு தலத்திலிருந்து அடுத்ததற்குச் செல்லும்போது என்ன நேரும் என்று பட்டறிவால் சொல்லக்கூடியவரைத் தேட வேண்டியிருக்கிறது. மடத்து வாய்மொழி மரபுகளை முறையாகப் பதிவு செய்யும் ஆய்வு போதாது. மறைபொருளை வெளியிடுமாறு எவரையும் வற்புறுத்தக்கூடாது, அது ஆய்வறமன்று. ஆனால் பாடப்பட்ட இராகம், பூசை முறை, மடத்து வழக்குச் சொற்கள், ஊர்களுக்கும் மடத்துக்கும் இருந்த தொடர்பு முதலியவை மறைபொருள் அல்ல. அவற்றைக் கேட்டு எழுத ஓர் ஆய்வு மாணவரும் ஒலிப்பதிவுக் கருவியும் போதும். கன்னடமும் தமிழும் அறிந்த ஒருவர் சாமரசரையும் சிவப்பிரகாசரையும் கதி கதியாக ஒப்பிட்டு எழுதினால், அதுவே ஒரு முனைவர் பட்டத்துக்கு மிகையான பணி.

அவ்வாறு ஒப்பிடத் தொடங்குபவர் முத்தாயி கதியிலிருந்து தொடங்கலாம் என்பது என் விருப்பம். முத்தாயியின் அண்ணன் அசகண்ணர் மறைபத்தர். தம் பத்தியை யாரும் அறியக்கூடாதென்று இட்டலிங்கத்தை வாய்க்குள்ளேயே ஒளித்து வைத்திருந்தவர் என்று கன்னட மரபு அவரைப் பேசும். தங்கைக்கு அவரே குரு. அவர் மறைந்ததும் அவளுக்கு வழிகாட்ட எவரும் இல்லை. அவர் விட்டுச்சென்ற சொல்லும் இல்லை. அவள் புலம்பிக்கொண்டிருக்கும்போதுதான் அல்லமர் அவ்வழி வருகிறார்.

15ஆம் நூற்றாண்டில் கன்னடத்தில் தொகுக்கப்பெற்ற சூனிய சம்பாதனையில் இவ்விருவர் உரையாடல் விரிவாக இடம்பெறுகிறது. முத்தாயி பணிந்து கேட்கும் மாணவி அல்லள். சொல் கடந்த நிலையை அடைந்தவர் என்றால் இன்னும் ஏன் பேசிக்கொண்டிருக்கிறீர் என்ற கருத்துப்பட அல்லமரையே வினவுகிறாள். பேசாமல் இறந்த அண்ணனின் தங்கை கேட்கும் கேள்வி அது. மறைத்து வைத்ததன் துன்பத்தை முழுவதும் சுமந்தவள் அவளே. மறைவே மேல் என்று வாதாடுபவளும் அவளே.

அல்லமர் பேசுவதை நிறுத்தவில்லை. அவள் ஐயம் நீங்கும்வரை அவ்வூரில் இருந்து விடை கூறுகிறார். பின்னர் எழுந்து, ஏரி வெட்டும் சித்தராமரைக் காணச் சோலாப்பூர் வழியே நடக்கிறார்.